மூன்றாம் எதிர்மனுதாரர்

பலகையில் முப்பத்தெட்டு என்று சிவப்பாக எரிந்தது. இவர்களுடையது அறுபத்தொன்று. இன்னும் இருபத்துமூன்று என்று பாண்டீஸ்வரி கழித்துப் பார்த்தாள். பிளஸ் டூவில் கணக்கையும் இயற்பியலையும் கோட்டை விட்டவளுக்கு இந்தக் கழித்தல் மட்டும் காலையிலிருந்து பிசகவே இல்லை, எண் மாறும்போதெல்லாம் மனசு தானாகவே கழித்துக்கொண்டது. ஹைகோர்ட் மதுரைக் கிளையின் நீளமான வராண்டா, கருப்பு அங்கிகள் காக்காய்க் கூட்டம் மாதிரி அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் பறக்கின்றன, யாரும் யாரையும் இடித்துக்கொள்வதில்லை, அதுதான் ஆச்சரியம். பக்கத்தில் அம்மா. அம்மா கஞ்சி போட்ட பருத்திச் சேலை கட்டி, கலெக்டர் ஆய்வுக்கு வருகிற அன்றைக்கு உட்காருகிற மாதிரி, பெஞ்சின் நுனியில் உட்கார்ந்திருக்கிறாள். முழுசாக உட்காரு என்று மூன்று தடவை சொல்லியாகிவிட்டது. "உக்காந்துதானத்தா இருக்கேன்" என்கிறாள். ராக்கம்மாள், கால்நடை ஆய்வாளர், வெள்ளாங்கரை கிளை நிலையம், என்று மனுவின் முதல் பக்கத்தில் அடித்திருக்கிறது. ஊரில் மாட்டு டாக்டரம்மா. டாக்டர் இல்லை என்று அம்மா பதினாலு வருஷமாகச் சொல்லிப் பார்க்கிறாள், யாரும் கேட்பதாக இல்லை, சினை ஊசி போடுகிறவளும் மாட்டிக்கொண்ட கன்றை இழுத்துப்போடுகிறவளும் டாக்டர் இல்லாமல் வேறு யார் என்பது ஊரின் கட்சி. முப்பத்தொன்பது.

எல்லாம் ஒரு செத்த மாட்டால் வந்தது. ஊரில் பெரிய கை ஒருத்தர், அவர் வீட்டு ஜெர்சி மாடு செத்து இரண்டு நாள் கழித்து, காப்பீடு செய்த மாட்டின் காதில் குத்துகிற பிளாஸ்டிக் தோடு ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு வந்தார். குத்திவிடும்மா, போன வாரமே குத்தின மாதிரி எழுதிக்கலாம். செத்த மாட்டுக்கு எதுக்குண்ணே தோடு, என்ன கல்யாணமா பண்ணப் போறீங்க, என்று அம்மா கேட்டுவிட்டாள். கேட்டது கூடத் தப்பில்லை, நாலு பேர் இருக்கும்போது கேட்டுவிட்டாள், நாலு பேரும் சிரித்துவிட்டார்கள். அப்புறம் பதினெட்டு நாளில் நிர்வாக நலன் கருதி என்று ஒரு மாறுதல் தாள் வந்தது. கூடலூர். மேப்பில் பார்த்தால் தமிழ்நாடு அங்கே முடிந்துபோகிறது. நிர்வாகத்துக்கு நலன், அம்மாவுக்குக் குளிர். அப்பா நேஷனல் பெர்மிட் லாரி, மாசத்தில் நாலு நாள் வீட்டில், போனில்தான் தீர்ப்பு: எல்லாரும் சேர்ந்து போயிருங்க, பொம்பளப் பிள்ளைய தனியா விட்டுட்டு நான் நாக்பூர்ல தூங்க முடியாது. தம்பி வினித்துக்கு நாலாம் வகுப்பு, யானை பார்க்கலாம் என்று துள்ளுகிறான், அவனை எந்தப் பள்ளிக்கூடத்தில் போட்டாலும் ஒன்றுதான். மனுவில் மனுதாரரின் பள்ளி செல்லும் மகனின் நலன் என்று ஒரு பத்தி இருக்கிறது. பாண்டீஸ்வரியைப் பற்றி ஒரு வரி கூட இல்லை. ஆனால் உண்மை என்னவென்றால் இந்தக் கேஸே அவளுக்காகத்தான், அது அவளுக்குத் தெரியும், அம்மாவுக்கும் தெரியும், இரண்டு பேரும் சொல்லிக்கொள்ளவில்லை. பத்தாம் வகுப்பு மார்க்கில் சிவகங்கை ஐடிஐயில் ஃபிட்டருக்கு இடம் கிடைத்திருக்கிறது. வருகிற திங்கட்கிழமை சேர வேண்டும். பிளஸ் டூ போனதில் அழுகை வரவில்லை, இந்த இடம் கிடைத்தபோதுதான் குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதாள். அம்மா கூடலூர் போனால் ஃபிட்டர் போச்சு. நாற்பத்திரண்டு, அதற்குள்ளா, நடுவில் இரண்டை விழுங்கிவிட்டார்களா.

அவளுடைய இடது கட்டை விரல். அதைப் பார்க்கக் கூடாது என்று உள்ளங்கைக்குள் மடக்கி வைத்திருக்கிறாள், மடக்கினால் இன்னும் ஞாபகம் வருகிறது. மாறுதல் தாள் வந்தால் உடனே எல்லாம் முடிந்துவிடாதாம், இன்னொரு தாள் இருக்கிறதாம், விடுவிப்பு ஆணை, அதைக் கையில் வாங்கிவிட்டால்தான் ஆள் அந்த இடத்தை விட்டுப் போனதாகக் கணக்காம். அதனால் கேஸ் போடுகிற வரைக்கும் மெடிக்கல் லீவு போட்டுவிட்டுத் தாள் கைக்கு வராமல் ஓடிக்கொண்டிருப்பதுதான் இந்த உத்தியோகக்காரர்களின் வழக்கம், எல்லாருக்கும் தெரியும், கொண்டுவருகிறவருக்கும் தெரியும், கண்ணாமூச்சி மாதிரி. வெள்ளிக்கிழமை அம்மா வக்கீலைப் பார்க்கக் கிளம்பும்போது வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள், யார் வந்தாலும் அம்மா இல்லன்னு சொல்லு, எதையும் வாங்காத, புரிஞ்சுச்சா. ம் என்றாள் பாண்டீஸ்வரி. அம்மாவின் ஸ்கூட்டியைக் கவிழ்த்துப் போட்டு பிளக்கைக் கழற்றிக்கொண்டிருந்தாள், ம் என்று சொன்னது பிளக்குக்கா அம்மாவுக்கா என்று இப்போது கேட்டால் அவளுக்கே தெரியாது. மூன்று மணிக்கு அலுவலக உதவியாளர் வந்தார், நல்ல மனுஷன், வேர்த்துப்போய் வந்தார், தண்ணீர் கேட்டார், குடித்தார். "ஒரு கையெழுத்து போடு பாப்பா, நான் வந்துட்டுப் போனதுக்கு." போட்டுவிட்டாள். சும்மா போடவில்லை, அதுதான் நெஞ்சைக் குத்துகிறது, ஆசையாகப் போட்டாள். ஐடிஐ விண்ணப்பத்துக்காகப் பழகி வைத்திருந்த கையெழுத்து, பாவன்னாவுக்கு மேலே ஒரு வளைவு, கடைசியில் ஸ்பானர் மாதிரி ஒரு இழுப்பு. பிறந்ததிலிருந்து முதல் தடவையாக ஒருத்தர் அவளிடம் கையெழுத்துக் கேட்கிறார். மேலே என்ன எழுதியிருக்கிறது என்று யார் பார்த்தது. பெற்றுக்கொண்டேன் என்று எழுதியிருந்தது. பேப்பரைப் பிடித்த கட்டை விரலின் கிரீஸ் மை வைத்த மாதிரி அப்படியே பதிந்துபோனது. அவர் போன பிறகுதான் கையில் இருந்த தாளைப் படித்தாள், படித்ததும் காதுக்குள் ஊமை மணி அடித்தது, ஸ்கூட்டியின் பெட்ரோல் நாற்றம் இன்றைக்கும் மூக்கில் நிற்கிறது, இந்த வராண்டாவில் கூட, யாரோ செண்டு போட்டுக்கொண்டு போகிறார்கள், அது கூட பெட்ரோலாகத்தான் வருகிறது.

அம்மா திட்டவில்லை. திட்டியிருந்தால் சரியாகியிருக்கும், ஒரு அறை விழுந்திருந்தால் கணக்கு தீர்ந்திருக்கும். வந்தாள், தாளை வாங்கினாள், படித்தாள், மடித்தாள், அரிசி டப்பாவுக்கு அடியில் வைத்தாள். "நானா இருந்தாலும் வாங்கியிருப்பேன்டி. வெயில்ல வந்த மனுசன்." பச்சைப் பொய். அம்மா வாங்கியிருக்கவே மாட்டாள். அந்தப் பொய்யைப் பதினோரு நாளாகப் பாண்டீஸ்வரி வாயில் ஒதுக்கி வைத்துக்கொண்டிருக்கிறாள், முழுங்கவும் முடியவில்லை துப்பவும் முடியவில்லை. சர்க்கார் பக்கத்திலிருந்து வந்த அந்தக் கையெழுத்தின் நகலை வக்கீல் அலாவுதீன் பார்த்தபோது தலையைச் சொறிந்தார். "இது யாரு கையெழுத்து?" அம்மா உடனே, "வீட்ல கொடுத்துட்டுப் போயிட்டாங்க சார்" என்றாள், மகள் என்று சொல்லவில்லை, வக்கீலின் கண் பாண்டீஸ்வரியின் விரலுக்கு வந்து, நின்று, மரியாதையாகத் திரும்பிப் போனது. அவரும் ஒன்றும் சொல்லவில்லை. இந்த ஒன்றும் சொல்லாதவர்கள் எல்லாரும் சேர்ந்து அவளைப் பிழிகிறார்கள். அவர் சொன்னதெல்லாம் இதுதான்: "விடுவிச்சாச்சுன்னு சர்க்கார் வக்கீல் சொல்லுவாரு. சொல்லட்டும். உங்க இடத்துக்குப் போட்ட அந்தம்மா சேந்துட்டாங்களா இல்லையா, அதுலதான் இருக்கு. சேந்திருந்தா நம்ம கதை முடிஞ்சுது. இடம் காலியா இருந்தா ஜட்ஜுகிட்ட வாயைத் திறந்து கேக்கலாம்." சேர்ந்துவிட்டாளா என்பது யாருக்கும் தெரியவில்லை. ஊருக்குள் வர வேண்டியதில்லையாம், மேல் ஆபீசில் ஒரு கடிதத்தைக் கொடுத்துவிட்டாலே சேர்ந்தது ஆகிவிடுமாம். கொடுக்காமலா இருப்பாள். ஆறு வருஷமாக இந்தப் பக்கம் மாறுதல் கேட்டுக்கொண்டிருந்தவளாம், அவளுக்கு அம்மா வீடு வெள்ளாங்கரையிலிருந்து நாலு மைலாம். அவளாகத்தான் பிடித்து வாங்கியிருப்பாள். நாற்பத்தொன்பது.

எதிர் பெஞ்சில் இருக்கிறாள். அவள்தான். ஆ. ஜெசிந்தா, மூன்றாம் எதிர்மனுதாரர். வக்கீல் காட்டாமலே தெரிந்துவிட்டது, அம்மா மாதிரியே, மாட்டுக்குள் விடுகிற வலது கையில் மட்டும் வளையல் இல்லை, நகம் ஒட்ட வெட்டியிருக்கிறது. நாற்பத்தைந்து வயசு இருக்கும், குண்டு, மடியில் எவர்சில்வர் டப்பா, எலுமிச்சைச் சோறு, ஊறுகாயைத் தொட்டுத் தொட்டு ரசித்துச் சாப்பிடுகிறாள். அடுத்தவர் நாற்காலியைப் பிடுங்கிவிட்டு எப்படி இறங்குகிறது சோறு. நோட்டீஸ் வந்தால் வக்கீலை வைத்துவிட்டு வீட்டில் கிடப்பதுதானே, எதற்கு நேரில் வந்திருக்கிறாள், வேடிக்கை பார்க்கவா. பாண்டீஸ்வரி இரண்டு வாரமாக இந்தப் பெயரைப் பல் தேய்க்கும்போதும் வைதிருக்கிறாள். அம்மா வைது கேட்டதில்லை. அம்மா அந்தப் பெயரைச் சொல்லும்போது தலையைக் குனிந்துகொள்வாள், அவ்வளவுதான். தண்ணீர்க் குழாயில் பாட்டிலை நிரப்பப் போனபோது அவளும் டப்பாவைக் கழுவ வந்து நின்றாள். விலகிப் போய்விடலாம். ஏன் விலக வேண்டும்.

"நீ ராக்கம்மா மகளா?" என்றாள் அவள். "ஆமா. நீங்க மூணாவது எதிர்மனுதாரரா?" "பேரு ஜெசிந்தா." "தெரியும். ரெண்டு வாரமா அந்தப் பேரத்தான் வைஞ்சுக்கிட்டு இருக்கேன்." வாய் வந்துவிட்டது, பாண்டீஸ்வரியின் வாய் எப்போதும் அவளுக்கு இரண்டடி முன்னால் போகும். அந்தம்மா கோபப்படவில்லை, டப்பாவை உதறினாள், தண்ணீர் இரண்டு பேர் மேலும் தெறித்தது. "வை, வை. வைஞ்சா ஆயுசு கெட்டிம்பாங்க. அதான் ரெண்டு வாரமா எனக்கு நல்லாப் பசிக்குது போல." "சேந்துட்டீங்களா இல்லையா, அதச் சொல்லுங்க." "எங்க?" "எங்க அம்மா இடத்துல." அந்தம்மா அவளை மேலிருந்து கீழ் வரைக்கும் பார்த்தாள், கிரீஸ் இன்னும் போகாத கட்டை விரலில் கண் கொஞ்ச நேரம் நின்றது. "வெளிய பேசக்கூடாதுன்னு சர்க்கார் வக்கீல் சொல்லியிருக்காரு. உள்ள கேப்பாங்கல்ல, அப்பத் தெரிஞ்சுக்க. நீ என்ன படிக்கிற?" "ஒண்ணும் படிக்கல. ஃபிட்டர் சேரப் போறேன். சேரவிட்டா." "ஃபிட்டரா!" என்று சொல்லிவிட்டு மூடியை இறுக்கித் திருகிக்கொண்டு போனாள். அந்த ஃபிட்டரா என்பதில் கிண்டல் இருந்ததா என்று பாண்டீஸ்வரி பெஞ்சுக்குத் திரும்புகிற வரைக்கும் தேடினாள். இல்லை. கிண்டல் இருந்திருந்தால் வசதியாக இருந்திருக்கும். ஐம்பத்துமூன்று.

போன் அதிர்ந்தது, ஒலி இல்லாமல், பைக்குள் தவளை மாதிரி. ஊரிலிருந்து சிகப்பி அக்கா. எடுக்கக் கூடாது, வாசலில் போலீஸ்காரர் முறைக்கிறார். சிகப்பி அக்காவை நினைத்தாலே சிரிப்பு வரும், அவள் எதையும் நடந்த மாதிரி சொல்ல மாட்டாள், நடக்க வேண்டிய மாதிரி சொல்லுவாள். போன வாரம் செவ்வாய்க்கிழமை அப்படித்தான் போனில் கத்தினாள்: அம்மா லீவு என்பது அவசரத்தில் மறந்துபோய்ச் சினை மாட்டை ஓட்டிக்கொண்டு கிளை நிலையத்துக்குப் போனாளாம், பூட்டு தொங்கியதாம், மாடு அங்கேயே படுத்துவிட்டதாம், கன்று கால் மடங்கி மாட்டிக்கொண்டதாம், அவள் ஐயனார் முதல் அந்தோணியார் வரைக்கும் கூப்பிட்டாளாம். பஸ்ஸிலிருந்து யாரோ ஒரு பொம்பளை பையோடு இறங்கி வந்து, பூட்டைப் பார்த்து, டாக்டரம்மா எங்கே என்று கேட்டு, அவங்க மாத்தலை எதிர்த்துக் கேஸ் போட்டிருக்காங்க என்று இவள் சொன்னதும் கொஞ்ச நேரம் சும்மா நின்று, அப்புறம் சேலையைச் செருகிக்கொண்டு கையைக் கொடுத்து முக்கால் மணி நேரம் போராடிச் செவலைக் கன்றை இழுத்துப் போட்டாளாம். "தாயி, மாட்டு அட்டையில ஒரு கையெழுத்து போட்டுட்டுப் போங்கன்னேன். போட மாட்டேன்னுட்டாங்கடி. நான் இங்க வரவே இல்லக்கா, அப்படின்னுட்டு அதே பஸ்ஸு திரும்புறப்ப ஏறிட்டாங்க. மாரியாத்தாதான்டி வந்துட்டுப் போறா." அம்மா நம்பவில்லை, தடுப்பூசி முகாமுக்கு வந்தவர்கள் யாராவதாக இருக்கும் என்றாள். பாண்டீஸ்வரி அப்போது பாதியைத்தான் காதில் வாங்கினாள். அன்றைக்கு அவளுக்கு உலகத்தில் ஒரே ஒரு கையெழுத்துதான் இருந்தது, அது அவள் போட்டது. ஐம்பத்தெட்டு, ஐம்பத்தொன்பது, ஐயோ ஓடுகிறது, மெதுவாகப் போகாதா என்று அவளுக்கு ஆகிவிட்டது, காலையிலிருந்து சீக்கிரம் சீக்கிரம் என்று அரித்தவளுக்கு. அலாவுதீன் அங்கியைத் தோளில் ஏற்றிக்கொண்டே வந்து வாங்கம்மா என்றார். அம்மா எழுந்தாள். கை நீட்டி பாண்டீஸ்வரியின் கையைப் பிடித்தாள், எந்தக் கை என்று பார்த்தா பிடித்தாள் தெரியாது, கட்டை விரல் அம்மாவின் உள்ளங்கைக்குள் போய்விட்டது.

உள்ளே குளிர். கடைசி வரிசையில் நின்றார்கள். எல்லாம் இங்கிலீஷ், எல்லாம் வேகம், இரண்டு மாடு முட்டிக்கொள்வதற்குள் ஒன்று முடிந்து அடுத்தது. அறுபத்தொன்று என்று கூப்பிட்டார்கள். அலாவுதீன் ஆரம்பித்தார், நாலு வரிதான், சர்க்கார் வக்கீல் எழுந்து ஒரு தாளைத் தூக்கிக் காட்டினார், தூரத்திலிருந்தே தெரிந்தது, வெள்ளைத் தாளில் கறுப்பாக ஒரு பொட்டு. அவளுடைய விரல். ஹைகோர்ட்டில் அவளுடைய விரல். ரிலீவ்டு, அக்னாலெட்ஜ்டு, என்று அவர் சொல்லச் சொல்ல பாண்டீஸ்வரிக்கு ஒவ்வொன்றாகக் கண் முன்னால் ஓடியது, போச்சு, திங்கட்கிழமை போச்சு, கூடலூர், மழை, தம்பியின் ஸ்வெட்டர், யானை, அம்மா அங்கே யாரும் டாக்டரம்மா என்று கூப்பிடாத ஊரில் ஒரு வாசலில் உட்கார்ந்திருக்கிறாள், முழுசாக உட்காராமல். நீதிபதி அந்தத் தாளை வாங்கிப் பார்த்தார். பொட்டைப் பார்த்தார். கண்ணாடிக்கு மேலே நிமிர்ந்து என்னவோ கேட்டார். சர்க்கார் வக்கீல் திரும்பி ஜெசிந்தாவைப் பார்த்தார். ஜெசிந்தா எழுந்து நின்றாள். நீதிபதி தமிழிலேயே கேட்டார்: "நீங்க அந்த இடத்துல சேந்துட்டீங்களா?" "இல்லீங்கய்யா." "ஏன்?" "காய்ச்சலுங்கய்யா. ஆர்டர் வந்ததுல இருந்து லீவுல இருக்கேன். சர்டிபிகேட் குடுத்திருக்கேன்." அந்தக் குரலில் காய்ச்சலும் இல்லை கழுதையும் இல்லை, கல்லு மாதிரி இருந்தது. நீதிபதி சர்க்கார் வக்கீலிடம் திரும்பினார், அவர் சொன்னதில் ஒரு வார்த்தை பாண்டீஸ்வரிக்குப் பிடிபட்டது. வேகன்ட். ஐடிஐ வாசலில் ஒட்டியிருந்த தாளில் அதே வார்த்தை, வேகன்ட் சீட்ஸ், அதைப் பார்த்துத்தான் அவள் உள்ளேயே போனாள். அப்புறம் நீதிபதி ஒரு நிமிஷம் கூட இல்லை, கடகடவென்று சொல்ல, கீழே ஒருத்தர் எழுத, அறுபத்திரண்டு என்று கூப்பிட்டுவிட்டார்கள். அவ்வளவுதானா. இவ்வளவு பெரிய கட்டடத்துக்கு இவ்வளவுதானா.

வெளியே வந்து அலாவுதீன் சொன்னார், அம்மாவின் விண்ணப்பத்தை எட்டு வாரத்துக்குள் பார்த்து முடிவு சொல்லணும், அதுவரைக்கும் வெள்ளாங்கரையிலேயே வேலை பார்க்க விடணும். "எட்டு வாரம்தான்மா. அப்புறம் திரும்ப சண்டை போடணும். ஆனா இன்னைக்கு அந்தம்மா சேந்திருந்தா இதுவும் இல்ல. உங்க நல்ல நேரம், அவங்களுக்குக் காய்ச்சல்." எட்டு வாரம் போதும். எட்டு வாரத்தில் ஐடிஐயில் ஹாஸ்டலுக்குக் கேட்டுவிடலாம், கெஞ்சலாம், வார்டன் காலில் விழலாம், சேர்ந்தவளை யார் பிடுங்க முடியும். யாருக்கு நன்றி சொல்ல வேண்டும் என்று மனசு ஒவ்வொரு ஆளாகத் தொட்டுப் பார்த்தது, வக்கீல், நீதிபதி, பொய் சொன்ன அம்மா, நாக்பூர் ரோட்டில் கண் விழிக்கும் அப்பா, எல்லாரையும் தாண்டி அது ஒரே இடத்தில் போய் முட்டியது, காய்ச்சல், எலுமிச்சைச் சோற்றை வழித்துச் சாப்பிட்ட காய்ச்சல். எதற்காகச் செய்தாள். ஆறு வருஷம் கேட்ட இடம். அம்மா வீடு நாலு மைல். முட்டியது விலகாமல் அங்கேயே நின்றது.

படிக்கட்டில் ஜெசிந்தா குடையை விரித்துக்கொண்டிருந்தாள். அம்மா போய் முன்னால் நின்றாள், கை கூப்பினாள். "அட விடுங்க மேடம். காய்ச்சல்னா காய்ச்சல்தான். என்னைய நல்லவளாக்கிறாதீங்க, ஆபீஸ்ல தெரிஞ்சா எனக்குத் தாள் வரும்" என்றாள் அவள். "எனக்கு ஒருக்கா இப்படித்தான் மாத்தல் போட்டாங்க. நானும் இதே கோர்ட்டுக்கு வந்தேன். எனக்குப் பதிலாப் போட்ட ஆளு ஆர்டர் வாங்கின அன்னைக்கே மத்தியானம் போய் உக்காந்துட்டாரு. சரி, வெயில் ஏறுது, பஸ்ஸப் பிடிக்கணும்." இரண்டு படி இறங்கினாள். நின்றாள். திரும்பாமலே கேட்டாள், வெளியே வந்துவிட்டது, வாயை மூட முடியவில்லை, பாண்டீஸ்வரிக்கு அந்த வியாதி தெரியும்: "அந்தச் செவலைக் கன்னு எந்திரிச்சு நின்னுச்சா?"

"எந்தக் கன்னு?" என்றாள் அம்மா.

ஜெசிந்தா குடைக்குள் முகத்தை வைத்துக்கொண்டு நின்றாள். பாண்டீஸ்வரிக்கு முதலில் வலது கைதான் தெரிந்தது, வளையல் இல்லாத கை, முழங்கை வரைக்கும், அப்புறம் பூட்டு, பஸ், சேலையைச் செருகின பொம்பளை, கையெழுத்துக் கேட்டால் நான் இங்க வரவே இல்லக்கா. சேர வந்தவள். பையோடு சேர வந்தவள். அந்த அட்டையில் ஒரு கிறுக்கல் போட்டிருந்தால் போதும், அம்மா இடத்தில் வேலை பார்த்தாள் என்று ஆகியிருக்கும், செவ்வாய்க்கிழமையோடு எல்லாம் முடிந்திருக்கும். வேலை பார்க்காமல் கையெழுத்துப் போட்டவள் இங்கே நிற்கிறாள், விரலை மடக்கிக்கொண்டு. முக்கால் மணி நேரம் மாட்டுக்குள் கையை விட்டுவிட்டு ஒரு எழுத்து எழுதாமல் பஸ் ஏறினவள் அங்கே. வாயில் ஒதுக்கி வைத்திருந்ததெல்லாம் ஒரேயடியாக இறங்கியது, கண்ணில் ஏறியது, சனியன், கண்ணில்தானா ஏற வேண்டும்.

"நின்னுச்சு," என்றாள் பாண்டீஸ்வரி. "அன்னைக்குச் சாயங்காலமே. கிடேரி. தாய்கிட்ட முட்டி முட்டிக் குடிக்குதாம்."

அம்மா மகளைப் பார்த்தாள், குடையைப் பார்த்தாள், அப்புறம் விறுவிறுவென்று இரண்டு படி இறங்கிப் போய் ஜெசிந்தாவின் வலது கையை, கன்றை இழுக்கும்போது பிடிப்பதைப் போல, மணிக்கட்டுக்கு மேலே இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். குடை சாய்ந்து ஒருபக்கம் தொங்கியது. பாண்டீஸ்வரியின் பைக்குள் போன் மறுபடி தவளையாகத் துள்ளியது, சிகப்பி அக்கா, இப்போது எடுக்கலாம், போலீஸ்காரர் இல்லை. எடுத்தாள். "ஏன்டி எடுக்க மாட்டேங்கிற, தீர்ப்பு என்னாச்சு, அம்மா வர்றாங்களா?" "வர்றாங்கக்கா. நாளைக்கே." "மாரியாத்தா!" என்று அந்தப் பக்கம் ஒரே கூப்பாடு. "இருக்கா," என்றாள் பாண்டீஸ்வரி, "இந்தா, பக்கத்துலதான் இருக்காங்க. ஆனா கேட்டா, வரவே இல்லம்பாங்க."